சில தளங்கள் மட்டும் இலவசம்: ஏழைக்கு நல்லதுதானே?

கேள்வி: சில இணையதளங்களை மட்டும் காசில்லாமல் பார்க்கலாம் என்று ஃபேஸ்புக் ஒரு சேவை கொண்டுவந்ததாம். அதை ஏன் நிறுத்த வைத்தார்கள்? நெட் பேக் போட வசதியில்லாதவர்களுக்கு ஏதோ கொஞ்சமாவது கிடைத்திருக்குமே!
– ஒரு வாசகி, வேதாரண்யம்

பதில்: உங்கள் ஆதங்கம் நியாயமானதுதான் சகோதரி. ரீசார்ஜ் முடிந்துபோனால் மாதக் கடைசி வரை சும்மா கிடக்கும் போன்கள் எங்கள் தெருவிலும் உண்டு. ஆனாலும் அந்தச் சேவையை நிறுத்தியது சரி என்றே உறுதியாக நம்புகிறேன்.

2015 பிப்ரவரியில் ரிலையன்ஸ் கம்யூனிகேஷன்ஸோடு சேர்ந்து அதைத் தொடங்கினார்கள். முதலில் வந்த 6 மாநிலங்களில் தமிழ்நாடும் ஒன்று. 'இன்டர்நெட்.ஆர்க்' என்ற பெயர் பிறகு 'ஃப்ரீ பேசிக்ஸ்' ஆனது. அதில் சேர விரும்பும் தளம் ஃபேஸ்புக் வகுத்த தொழில்நுட்ப விதிகளுக்கு உட்பட வேண்டும். வீடியோ கூடாது, பெரிய படங்கள் கூடாது.

நீடாமங்கலம் பக்கம் குறுவை நட்டிருக்கும் என் தம்பிக்குக் காலையில் மேட்டூர் நீர்மட்டம் தெரிய வேண்டும், மழை வருமா என்று பார்க்க வேண்டும். பயிரில் பூச்சி விழுந்தால் ஆடுதுறை ஆராய்ச்சி நிலையம் என்ன சொல்கிறது என்று தேட வேண்டும். இதில் எது இலவசம், எதற்குக் காசு என்பதை வேறு யாரோ முடிவு செய்வார்கள். தலைமடையில் இருப்பவர் தனக்குப் பிடித்த வயலுக்கு மட்டும் மதகைத் திறந்தால் என்ன ஆகும் என்று கடைமடைக்காரரான உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. காசுள்ளவர் முழு இணையத்தையும் பார்ப்பார். இல்லாதவருக்கு அந்தப் பட்டியல்தான் உலகம். புதிதாக ஒரு தமிழ்த் தளம் தொடங்கும் நம் ஊர்ப் பிள்ளை, இலவசமாகக் கிடைக்கும் பெரிய தளத்தோடு எப்படிப் போட்டி போடும்?

2016 பிப்ரவரி 8 அன்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய், அந்தச் சேவையை நிற்கவைத்த விதியைப் போட்டது: பார்க்கும் தளத்தைப் பொறுத்து டேட்டா கட்டணம் மாறக் கூடாது. மீறினால் நாளொன்றுக்கு 50,000 ரூபாய், அதிகபட்சம் 50 லட்சம் அபராதம். பேரிடர் போன்ற அவசர காலத்துக்கு விலக்கு உண்டு. கஜா புயலைப் பார்த்த உங்கள் ஊருக்கு அதன் அவசியம் புரியும்.

அப்புறம், இலவசமே கூடாது என்று டிராய் சொல்லவில்லை. எந்தத் தளத்தையும் பார்க்கும்படி கொஞ்சம் டேட்டாவை இலவசமாகத் தந்தால் அதற்குத் தடையில்லை. அதே ஆண்டு டிசம்பரில், கிராமத்து வாடிக்கையாளர்களுக்கு மாதம் 100 எம்பி இலவசமாகத் தரலாம் என்று அரசுக்குப் பரிந்துரைத்ததும் டிராய்தான். நீங்கள் கேட்கும் உதவி அந்த வழியில் வரட்டும். அதற்காகக் குரல் கொடுங்கள், நானும் கூட நிற்கிறேன்.