விடுதலைத் தீர்ப்பை எதிர்த்துக் குடும்பமே மேல்முறையீடு செய்யலாமா?

கேள்வி: 2019-ல் ஊர்த் திருவிழா இரவில் என் அண்ணனை மூன்று பேர் வெட்டிக் கொன்றார்கள். சென்ற மாதம் செஷன்ஸ் கோர்ட் மூவரையும் விடுதலை செய்துவிட்டது. நேரில் பார்த்த இருவர் சொன்ன நேரமும் வெட்டுகளின் எண்ணிக்கையும் ஒத்துப்போகவில்லை. சாட்சிகள் அரிவாள் வெட்டு என்கிறார்கள், உடற்கூறாய்வு செய்த டாக்டர் குத்துக்காயம் என்கிறார். இவைதான் தீர்ப்பில் சொன்ன காரணங்கள். அரசு மேல்முறையீடு செய்யுமா என்று தெரியவில்லை. நாங்களே செய்யலாமா? பயன் இருக்குமா?
திண்டுக்கல் மாவட்ட வாசகர்

பதில்: செய்யலாம். 2009-ன் கடைசி நாளில் நடைமுறைக்கு வந்த திருத்தம், பாதிக்கப்பட்டவருக்கே இந்த உரிமையைத் தந்தது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது பிரிவு 372. இன்றைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் பிரிவு 413. அரசு மேல்முறையீடு செய்வதற்கு உயர்நீதிமன்றத்தின் முன் அனுமதி வேண்டும். பாதிக்கப்பட்டவருக்கு அது தேவையில்லை என்று 2018-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எனவே அரசுக்காகக் காத்திருக்காதீர்கள்.

ஆனால் மனுவில் யார் பெயர் இருக்க வேண்டும் என்பதைக் கவனியுங்கள். ‘பாதிக்கப்பட்டவர்’ என்பதில் இறந்தவரின் சட்டப்படியான வாரிசும் அடங்குவார். அண்ணனுக்கு மனைவி, பிள்ளைகள், தாய் இருந்தால் அவர்களே முதல் வாரிசுகள். தம்பி பின்னால்தான் வருவார். உங்கள் பெயரில் தாக்கல் செய்து, அந்த ஒரு காரணத்துக்காக வாதாட வேண்டிய நிலையை வரவழைத்துக்கொள்ளாதீர்கள். அண்ணியோ அம்மாவோ மனுதாரராக இருக்கட்டும், கூட நின்று நடத்துபவர் நீங்களாக இருங்கள். செலவு கவலையாக இருந்தால், பெண்களுக்கு வருமான வரம்பு பாராமல் இலவச சட்ட உதவி உண்டு.

சீராய்வு மனு (கீழ் நீதிமன்றத் தீர்ப்பு சட்டப்படி சரியா என்று பார்க்கச் சொல்லும் மனு) போதும் என்று யாராவது சொன்னால் ஏற்காதீர்கள். சீராய்வில் உயர்நீதிமன்றம் விடுதலையைத் தண்டனையாக மாற்ற முடியாது. தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கில் 2022-ல் உச்ச நீதிமன்றம் இதைத் திட்டவட்டமாகச் சொல்லிவிட்டது.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. சாட்சியங்கள் அனைத்தையும் புதிதாக எடைபோட உயர்நீதிமன்றத்துக்கு முழு அதிகாரம் உண்டு. 1934-ல், அன்றைய இறுதி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் சொன்னதிலிருந்து அது மாறவில்லை. ஆனால் 2007-ல் சந்திரப்பா எதிர் கர்நாடக அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் தொகுத்துச் சொன்ன எல்லையையும் மறக்கக் கூடாது. ஒரே சாட்சியத்திலிருந்து நியாயமான இரண்டு முடிவுகள் வர இடமிருந்தால், விடுதலையில் கை வைக்கக் கூடாது. அதனால் ‘அவர்கள்தான் செய்தார்கள்’ என்று மனுவில் பத்துப் பக்கம் எழுதிப் பயனில்லை. நீதிபதி சொன்ன காரணங்கள் சாட்சியத்தோடு பொருந்தவே பொருந்தாதவை என்று காட்ட வேண்டும். உங்கள் வழக்கு அந்தத் தீர்ப்பின் காரணங்களோடுதான்.

அந்தக் காரணங்களை ஒவ்வொன்றாகப் பார்க்கலாம். நேரத்தில் கால் மணி, அரை மணி வித்தியாசமும் எத்தனை வெட்டு என்பதில் குழப்பமும் பொதுவாக அற்ப முரண்பாடுகளே. இருட்டில், அலறலுக்கு நடுவே நின்றவர் வெட்டுகளை எண்ணிக்கொண்டிருக்க மாட்டார். ஆனால் யார் வெட்டினார், சாட்சி அங்கே இருந்தாரா, எந்த வெளிச்சத்தில் பார்த்தார் என்பவற்றில் முரண் இருந்தால் அது வழக்கின் வேரையே அறுக்கும்.

வெட்டா, குத்தா என்பதுதான் உங்கள் வழக்கின் உயிர்நாடி. நேரடி சாட்சியும் மருத்துவக் கருத்தும் மோதினால் பொதுவாக நேரடி சாட்சிக்கே எடை அதிகம். சாட்சி சொல்வது நடந்திருக்கவே முடியாது என்ற அளவுக்கு மருத்துவச் சான்று போனால்தான் கதை மாறும். கூரிய முனையுள்ள அரிவாளால் வெட்டவும் முடியும், குத்தவும் முடியும். கைப்பற்றிய அரிவாளை டாக்டரிடம் காட்டி, ‘இந்தக் காயம் இதனால் ஏற்பட்டிருக்கலாமா?’ என்று அரசு வழக்கறிஞர் கேட்டாரா? டாக்டரின் முதல் விசாரணையையும் குறுக்கு விசாரணையையும் வரி வரியாகப் படியுங்கள். கேட்டு, அவர் ‘இருக்கலாம்’ என்று சொல்லியிருந்து, தீர்ப்பு அதைக் கண்டுகொள்ளாமல் விட்டிருந்தால், உங்கள் மேல்முறையீட்டின் முதுகெலும்பு அதுதான். கேட்கவே இல்லை என்றால் நிலைமை கடினம். மேல்முறையீட்டில் கூடுதல் சாட்சியம் எடுக்க வழி இருந்தாலும், விசாரணையில் விட்ட ஓட்டையை அடைக்க நீதிமன்றங்கள் எளிதில் இடம் தருவதில்லை.

முரண்பட்ட சாட்சியத்தையும் மீறி விடுதலை தண்டனையாக மாறியதற்கு டெல்லியில் சுட்டுக் கொல்லப்பட்ட ஜெசிக்கா லாலின் கொலை வழக்கு சான்று. முக்கிய சாட்சி முன்பு சொன்னதை மாற்றிப் பிறழ்ந்தார். கிடைத்த இரு தோட்டா உறைகளும் வெவ்வேறு துப்பாக்கிகளுடையவை என்ற கருத்தும் பதிவானது. 2006 பிப்ரவரியில் விசாரணை நீதிமன்றம் விடுவித்தது. அதே ஆண்டு டிசம்பரில் டெல்லி உயர்நீதிமன்றம் முக்கியக் குற்றவாளி மனு சர்மாவுக்கு ஆயுள் தண்டனை விதித்தது. 2010-ல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. மற்ற நேரடி சாட்சிகள் நிலைத்து நின்றதால்தான் அது நடந்தது. நாடே பேசிய வழக்கு அது. அதை வைத்து உங்கள் வெற்றியைக் கணக்கிட வேண்டாம். உங்கள் இரண்டு சாட்சிகளும் குறுக்கு விசாரணையில் எப்படி நின்றார்கள் என்பதை மட்டும் பாருங்கள்.

இன்றே தீர்ப்பின் சான்றிட்ட நகலுக்கும், சாட்சி வாக்குமூலங்கள், சான்றாவணங்களின் நகல்களுக்கும் மனுச் செய்யுங்கள். தீர்ப்பு நாளிலிருந்து 90 நாட்களுக்குள் உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் தாக்கல் செய்துவிடுங்கள்; தீர்ப்பு நகல் பெற ஆகும் நாட்கள் கழிக்கப்படும். அவசரத்துக்கு இன்னொரு காரணமும் உண்டு. மேல் நீதிமன்றம் அழைத்தால் ஆஜராவோம் என்று, விடுதலைக்கு முன் குற்றம் சாட்டப்பட்டவர்களிடம் எழுதி வாங்கும் பிணைப்பத்திரம் ஆறு மாதம் வரைதான் செல்லும்.