பூத்துக்குளியின் முன்னால் அரைமணி நேரம்

கேள்வி: என் மகள் ஏழாம் வகுப்பு படிக்கிறாள். அரையாண்டுத் தேர்வு நெருங்கும் நேரத்தில் பிள்ளைகளை அருங்காட்சியகத்துக்குக் கூட்டிப்போகிறார்களாம். ஒரு நாள் பாடம் போகிறதே? அங்கே இருப்பதை செல்போனிலேயே பார்க்கலாமே, ஐயா?
– ஒரு தாய், கோத்தகிரி

பதில்: அனுப்பி வையுங்கள் அம்மா. இந்த மலையில் முப்பது வருடம் ஓவிய ஆசிரியராக இருந்தவன் சொல்கிறேன்.

ஒருமுறை எட்டாம் வகுப்புப் பிள்ளைகளோடு முத்தோரை பாலாடாவில் உள்ள பழங்குடியினர் அருங்காட்சியகத்துக்குப் போயிருந்தேன். எல்லாவற்றையும் சுற்றிக் காட்டவில்லை. தோடர்களின் பூத்துக்குளிப் போர்வை ஒன்றின் முன்னால் உட்கார வைத்து, "இது நெய்ததா, தைத்ததா? எதை வைத்துச் சொல்கிறீர்கள்?" என்று மட்டும் கேட்டேன். நெய்தது என்றே எல்லோரும் சொன்னார்கள். கொஞ்ச நேரம் கழித்து, கணக்கில் எப்போதும் தேறாத ஒரு பையன், "பட்டை நெய்தது சார். பூவேலை ஊசியில போட்டது. நூல் அங்கங்க புடைச்சு நிக்குது பாருங்க" என்றான். அப்புறம் அவனே இழைகளை எண்ண ஆரம்பித்துவிட்டான். தோடப் பெண்களும் அப்படித்தான், துணியில் கோடு எதுவும் வரையாமல் இழையை எண்ணியே ஊசி போடுகிறார்கள். நூல் புடைத்து நிற்கும் பக்கம் நமக்குப் பின்பக்கம். அவர்களுக்கு அதுதான் நல்ல பக்கம். இதைச் சொன்னதும் பிள்ளைகள் எழுந்து கிட்டே போய்விட்டார்கள். செல்போன் படத்தில் அந்தப் புடைப்பு தெரியாது அம்மா.

அமெரிக்காவின் ஆர்கன்சா மாநிலத்தில் 2011இல் கிரிஸ்டல் பிரிட்ஜஸ் கலை அருங்காட்சியகம் திறந்தபோது, பள்ளிகளைக் குலுக்கல் முறையில் அழைத்தார்கள். போனவர்கள், போகாதவர்கள் என்று சுமார் 11,000 மாணவர்களை ஆராய்ந்ததில், போய்வந்தவர்கள் முன்பின் பார்த்திராத ஓவியத்தைக்கூட ஊன்றிப் பார்த்து எழுதினார்கள். கிராமத்துப் பிள்ளைகளிடம் பலன் இன்னும் கூடுதல். படித்தபோது நம் மலைப் பிள்ளைகள்தான் நினைவுக்கு வந்தார்கள்.

ஆனால் வரிசையில் ஓட்டிக்கொண்டு போய், பெயர்ப்பலகைகளை நோட்டில் எழுதவைத்துத் திரும்பினால் உங்கள் பயம் நியாயம்தான். மூன்று பொருள் போதும் என்று ஆசிரியரிடம் சொல்லிப் பாருங்கள். மகள் வீட்டுக்கு வந்ததும் ஒன்றை வரைந்து காட்டச் சொல்லுங்கள்.

விடுமுறையில் சென்னை போனால் எழும்பூர் அருங்காட்சியகத்துக்கும் கூட்டிப்போங்கள். நம் மலைக் கல்லறைகளிலிருந்து 1870களின் தொடக்கத்தில் நீலகிரி கமிஷனர் பிரீக்ஸ் தோண்டியெடுத்த மண்கலங்கள் அங்கேதான் போய்ச் சேர்ந்தன. மூடிமேல் எருமை நிற்கும் கலங்கள் அவை. நம் பிள்ளைகள் அவற்றைப் பார்க்க மலையிறங்க வேண்டியிருப்பது எனக்கு நெடுநாள் வருத்தம்.