அனிமே ஓவியராக ஜப்பான் செல்ல விரும்புபவர் பட்டப்படிப்பை நிறுத்தலாமா?

கேள்வி: நான் காட்சித் தொடர்பியல் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். ஜப்பானிய அனிமே நிறுவனமொன்றில் ஓவியராக வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. கல்லூரியை இடையில் விட்டுவிட்டு டோக்கியோவில் இரண்டாண்டுத் தொழிற்பயிற்சிப் பள்ளியில் சேரலாமா? அந்த வேலையில் வரும் வருமானம் வாழப் போதுமா?

பதில்: படிப்பை நிறுத்த வேண்டாம். முதற்காரணம் விசா. நிறுவனங்கள் வெளிநாட்டு ஓவியரை வேலைக்கு எடுக்கும்போது வழக்கமாகப் பெற்றுத்தரும் பணி விசாவுக்கு, வேலையோடு தொடர்புள்ள பல்கலைக்கழகப் பட்டமோ, ஜப்பானிலேயே தொழிற்பயிற்சிப் பள்ளியில் பெற்ற சான்றிதழோ, நீண்டகாலப் பணி அனுபவமோ வேண்டும். தொழிற்பயிற்சிப் பள்ளிச் சான்றிதழ் மட்டும் இருந்தால், படித்த துறைக்கு மிக நெருங்கிய வேலைக்கே விசா கிடைக்கும். பட்டதாரிக்கு அந்தக் கட்டுப்பாடு தளர்வானது. ஓவிய வேலை அமையாமல் போனாலும் பட்டதாரிக்கு வேறு வழிகள் திறந்திருக்கும்.

இனி வேலைக்கு வருவோம். புதியவர் தொடங்கும் படி ‘டோகா’, அதாவது இடைப்படம். மூத்த ஓவியர் வரைந்த முதன்மைப் படங்களுக்கு, ‘கெங்கா’வுக்கு, நடுவே வரும் அசைவுகளை இவர் வரைந்து நிரப்ப வேண்டும். புகழ்பெற்ற அனிமே இயக்குநர் ஹயாவோ மியாசாகியும் 1963இல் தோயே டோகா நிறுவனத்தில் இங்கிருந்துதான் தொடங்கினார். நொடிக்கு 24 சட்டங்கள் (ஃபிரேம்கள்) ஓடினாலும், தொலைக்காட்சித் தொடர்களில் ஒரு படத்தை மூன்று சட்டங்களுக்கு நிறுத்துவது வழக்கமாதலால், நொடிக்கு எட்டுப் படங்கள் போதும். ஆனால் அந்த எட்டும் எளிதல்ல. ஒரு பெண் இடப்புறமிருந்து வலப்புறம் திரும்புகிறாள் என்று வையுங்கள். இரு முதன்மைப் படங்களின் கோடுகளுக்குச் சரி நடுவே கோடு போட்டால் முகம் சுருங்கி, தட்டையாகச் சறுக்கிப்போகும். முகவாய் சற்றே தாழ்ந்து வில்போல் வளைந்து எழ வேண்டும், மூக்கும் அதே வளைவில் செல்ல வேண்டும். மூன்று துளையிட்ட தாள்களை தாள்கள் நகராமல் பிடிக்கும் ஆணிப்பட்டையில் மாட்டி, விரல்களுக்கிடையே புரட்டிப் புரட்டிப் பார்த்துத்தான் இதைக் கண்டுபிடிக்க முடியும். இப்போது கணினியில் வரைபவர்கள் பலர் என்றாலும், அந்தக் கண் பழகாமல் எந்த மென்பொருளும் கைகொடுக்காது. இந்தப் படியை வெறும் எடுபிடி வேலை என்று கருதுவோரோடு எனக்கு உடன்பாடில்லை. அசைவைப் படிக்கக் கற்றுத்தரும் இடம் இதுவே.

வருத்தத்துக்குரியது ஊதியம். இடைப்படம் பெரும்பாலும் தாள் கணக்கில் கூலி பெறும் வேலை. ஒரு தாளுக்கு ஏறத்தாழ 200 யென். மாதம் 300 தாள் வரைந்தாலும் 60,000 யென்தான், அது டோக்கியோ வாடகைக்கே சரியாகப் போய்விடும். ஜப்பானிய அனிமேஷன் படைப்பாளர் சங்கம் 2015இல் வெளியிட்ட ஆய்வில் துறையினரின் சராசரி ஆண்டு வருமானம் சுமார் 33 லட்சம் யென் என்றிருக்க, இடைப்பட ஓவியர்களுடையது சுமார் 11 லட்சம் யென் மட்டுமே. ‘கெங்கா’வுக்கு உயர்ந்து, பின் ஓவியங்களைத் திருத்தும் ‘சகுகா கந்தோகு’ ஆனால் நிலைமை மாறும், ஆனால் அதற்குச் சில ஆண்டுகள் பிடிக்கும்.

ஆகவே எந்த நிறுவனத்தையும் முதலில் ஒன்று கேளுங்கள்: மாதச் சம்பளமா, தாள் கூலியா? ஊஜி நகரிலுள்ள கியோட்டோ அனிமேஷன்போல ஓவியர்களை நிரந்தரப் பணியாளராக வைத்திருக்கும் நிறுவனங்கள் உண்டு. தாள் கூலி ஒப்பந்தத்தை மட்டும் காட்டி, வாழப் போதிய நிலையான வருமானம் இருப்பதாகக் குடிவரவுத் துறையை நம்பவைப்பது மிகக் கடினம். மாணவ விசாவில் பகுதிநேர வேலை செய்ய அனுமதி பெற்றாலும், வகுப்பு நடக்கும் காலத்தில் வாரத்துக்கு 28 மணி நேரமே செய்யலாம் என்பதையும் கணக்கில் கொள்ளுங்கள்.

பட்டம் முடிய இருக்கும் காலத்தில் ஜப்பானிய மொழித் திறன் தேர்வில் என்2 நிலையை (ஐந்து நிலைகளில் மேலிருந்து இரண்டாவது) எட்டப் பாருங்கள். திருத்தக் குறிப்புகள் எல்லாம் கையெழுத்து ஜப்பானியத்தில்தான் வரும். அனுப்பும் ஓவியத் தொகுப்பில் வண்ணம் தீட்டிய அழகிய நாயகிகளைக் குறைத்து, இரண்டு நிமிடத்தில் வரைந்த மனித உருவங்கள், முதுகுப்புறம் தெரியும் உடல்கள், பொருளைப் பற்றும் கைகள், மேலிருந்தும் கீழிருந்தும் பார்த்த அறைகள் ஆகியவற்றைச் சேருங்கள். அவற்றோடு, நீங்களே வரைந்த ஒரு தலைத் திருப்பத்தின் ஐந்து தாள்களையும் வரிசை குலையாமல் வையுங்கள்.