வாசகர் கேள்வி பதில்: குப்பியின் எண்ணும் கட்டணக் குறியீடும்

கேள்வி (உட்லண்ட்ஸ் வாசகி): அமெரிக்க கிளினிக்குகளுக்கான காப்புறுதிக் கோரிக்கைகளைச் சிங்கப்பூரில் இருந்தபடியே தயாரித்து அனுப்பும் நிறுவனத்தில் வேலை பார்க்கிறேன். வைட்டமின் ஊசி என்றாலே எனக்குத் தடுமாற்றம்தான். குப்பியில் உள்ள என்டிசி என்ற அமெரிக்க மருந்து அடையாள எண்ணுக்கு எந்த ஜே கட்டணக் குறியீடு என்று மருந்தின் பெயரைப் பார்த்துத்தான் பொருத்துகிறேன். இருந்தும் பல கோரிக்கைகள் திரும்பி வருகின்றன. எங்கே பிசகுகிறது?

பதில்: பெயரை மட்டும் பார்த்துப் பொருத்துவதில்தான் பிசகு தொடங்குகிறது. இந்த இரண்டு எண்களும் வெவ்வேறு தேவைக்காக உருவானவை. என்டிசி எண், இன்ன நிறுவனம், இன்ன மருந்தை, இன்ன செறிவில், இன்ன அளவுப் பொட்டலத்தில் விற்கிறது என்று ஒரு பொருளைத் துல்லியமாக அடையாளம் காட்டுகிறது. ஜே குறியீடோ, எந்த நிறுவனம் தயாரித்தது என்பதைப் பெரும்பாலும் பொருட்படுத்தாமல், எந்த மருந்து எந்த அளவில் செலுத்தப்பட்டது என்பதை மட்டும் கட்டணத்திற்காகச் சொல்கிறது. ஆகவே பல என்டிசி எண்கள் ஒரே ஜே குறியீட்டில் வந்து சேரும். நீங்கள் பொருத்த வேண்டியவை மருந்தின் வேதிவடிவம், குறியீட்டு விளக்கத்தில் உள்ள அளவு, செலுத்திய அளவு ஆகிய மூன்றுமே.

முதலில் எண்ணைச் சரியாக எழுதுவதைப் பார்ப்போம். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாக அமைப்பின் முறைப்படி குப்பியில் அச்சாகும் என்டிசி எண் 10 இலக்கங்கள் கொண்டது. அது 4-4-2, 5-3-2, 5-4-1 என்ற மூன்று அமைப்புகளில் ஏதேனும் ஒன்றில் இருக்கும். கோரிக்கையிலோ 5-4-2 என்ற அமைப்பில் 11 இலக்கங்களாக எழுத வேண்டும். எந்தப் பகுதியில் ஓர் இலக்கம் குறைகிறதோ அந்தப் பகுதியின் முன்னால் பூஜ்யத்தைச் சேர்ப்பதே விதி. எடுத்துக்காட்டாக 1234-5678-90 என்பது 01234-5678-90 ஆகும். 12345-678-90 என்பது 12345-0678-90 ஆகும். 12345-6789-0 என்பது 12345-6789-00 ஆகும். இடைக்கோடுகளை நீக்கிவிட்டால் இந்த மூன்று எண்களும் ஒரே 10 இலக்கங்களாகத் தெரிவதைக் கவனியுங்கள். எந்த இடத்தில் பூஜ்யம் சேர வேண்டும் என்பதை இடைக்கோடு மட்டுமே சொல்கிறது. எனவே கிளினிக்கிலிருந்து இடைக்கோடு இல்லாமல் 10 இலக்கங்கள் வந்தால், ஊகித்து நிரப்பாமல் லேபிளின் படத்தைக் கேட்டு வாங்குங்கள். எக்செல் தாளில் அந்தப் பத்தியை எழுத்து வடிவம் என்று முன்கூட்டியே மாற்றி வைக்காவிட்டால், சரியாகச் சேர்த்த முன்பூஜ்யமும் மறைந்துவிடும்.

அடுத்தது வேதிவடிவம். ஜே3420 என்பது சயனோகோபாலமின் வடிவிலான பி12 ஊசிக்கு உரிய குறியீடு. ஹைட்ராக்ஸோகோபாலமினும் மெதில்கோபாலமினும் பி12 குடும்பத்தைச் சேர்ந்தவைதாம் என்றாலும், அவற்றை இந்தக் குறியீட்டில் அடக்கக் கூடாது. தமிழகத்தில் பி12 ஊசி என்றால் பலருக்கும் நினைவுக்கு வருவது மெதில்கோபாலமின்தான் என்பதால், அங்கிருந்து வந்து இந்தத் துறையில் சேரும் நம்மவர்கள் இந்த இடத்தில் கூடுதலாகக் கவனம் செலுத்த வேண்டும். அமெரிக்காவில் மெதில்கோபாலமின் ஊசி அங்கீகரிக்கப்பட்ட மருந்துப் பொருளாக விற்கப்படுவதில்லை; மருத்துவரின் சீட்டுக்கேற்ப மருந்தைக் கலந்து தரும் கலவை மருந்துக்கடைகளில்தான் தயாராகிறது. தனிக் குறியீடு இல்லாத மருந்துகளுக்கு ஜே3490 என்ற பொதுக் குறியீடு உண்டு. அதைப் பயன்படுத்தும்போது மருந்தின் பெயர், அளவு, செலுத்திய முறை ஆகியவற்றை விவரமாக எழுத வேண்டும். செலவை ஏற்பதா இல்லையா என்பது காப்புறுதி நிறுவனத்தின் முடிவு.

இனி அளவுக்கு வருகிறேன். கோரிக்கைகள் திரும்பி வருவதற்குப் பெரும்பாலும் இதுவே காரணம் என்பதால் சற்று விரிவாகவே சொல்கிறேன். ஜே3420இன் விளக்கம் “1000 மைக்ரோகிராம் வரை” என்கிறது. 100 மைக்ரோகிராம் செலுத்தினாலும் 1000 மைக்ரோகிராம் செலுத்தினாலும் அது ஒரே யூனிட்தான் (யூனிட் என்பது கட்டணத்திற்காக எண்ணும் அலகு). வைட்டமின் கே ஊசிக்கான ஜே3430இன் விளக்கமோ “ஒவ்வொரு 1 மில்லிகிராமுக்கும்” என்கிறது. 10 மில்லிகிராம் செலுத்தினால் 10 யூனிட். தயமினுக்கான ஜே3411, பைரிடாக்சினுக்கான ஜே3415 ஆகிய இரண்டும் 100 மில்லிகிராமை ஒரு யூனிட்டாகக் கொள்கின்றன. இவற்றோடு, என்டிசி எண்ணுக்கென்று தனியாக ஓர் அளவும் எழுத வேண்டும். திரவ மருந்தானால் அது மில்லிலிட்டர் கணக்கு. ஆக, ஒரே வரியில் இரண்டு அளவுகள் இடம்பெறுகின்றன. அவை ஒன்றாக இருக்க வேண்டிய அவசியமே இல்லை.

ஒரு மில்லிலிட்டரில் 1000 மைக்ரோகிராம் உள்ள 10 மில்லிலிட்டர் பி12 குப்பியிலிருந்து 1 மில்லிலிட்டர் எடுத்துப் போட்டால், ஜே3420 ஒரு யூனிட், என்டிசி அளவு 1 மில்லிலிட்டர். ஒரு மில்லிலிட்டரில் 100 மில்லிகிராம் உள்ள தயமினில் 2 மில்லிலிட்டர் செலுத்தினால், ஜே3411 இரண்டு யூனிட், என்டிசி அளவு 2 மில்லிலிட்டர். இந்த இரண்டு மருந்துகளிலும் எண்கள் ஒத்துப்போவதால், மில்லிலிட்டர் எவ்வளவோ யூனிட்டும் அவ்வளவே என்ற பழக்கம் கையில் படிந்துவிடுகிறது. வைட்டமின் கே வந்ததும் அந்தப் பழக்கம் காலை வாருகிறது. ஒரு மில்லிலிட்டரில் 10 மில்லிகிராம் உள்ள ஆம்பூலை முழுவதும் செலுத்தினால் 10 யூனிட், என்டிசி அளவு 1 மில்லிலிட்டர். பிறந்த குழந்தைக்குப் போடும், அரை மில்லிலிட்டரில் 1 மில்லிகிராம் உள்ள ஊசியானால் 1 யூனிட், என்டிசி அளவு 0.5 மில்லிலிட்டர். இந்த நான்கு கணக்குகளையும் ஒரு தாளில் எழுதி மேசையில் ஒட்டி வைத்துக்கொள்ளுங்கள்.

ஒருமுறை மட்டுமே பயன்படுத்தக்கூடிய ஆம்பூலில் மீதி வீணானால், முக்கியமாக முதியோருக்கான அமெரிக்க அரசுக் காப்புறுதியான மெடிகேரின், கிளினிக் சிகிச்சைக்குரிய பகுதி பி கோரிக்கைகளில் அதையும் காட்ட வேண்டும். 10 மில்லிகிராம் ஆம்பூலில் 5 மில்லிகிராம் செலுத்தி மீதியைக் கொட்டியிருந்தால், செலுத்திய 5 யூனிட்டை ஒரு வரியிலும், வீணான 5 யூனிட்டை ஜேடபிள்யூ என்ற குறிப்புடன் அடுத்த வரியிலும் எழுத வேண்டும். எதுவும் வீணாகவில்லை என்றால் ஜேஇசட் குறிப்பு தேவை. இது 2023 ஜூலை 1 முதல் கட்டாயம். பலமுறை எடுத்துப் பயன்படுத்தும் குப்பிகளுக்கு இவ்விரண்டும் பொருந்தா.

பொருத்தத்தைச் சரிபார்க்க, மெடிகேரை நடத்தும் சிஎம்எஸ் அமைப்பு காலாண்டுக்கு ஒருமுறை வெளியிடும் என்டிசி–ஹிக்பிக்ஸ் (ஜே குறியீடுகள் அடங்கிய கட்டணக் குறியீட்டுத் தொகுதி) ஒப்பீட்டுக் கோப்பே முதன்மையான ஆதாரம். ஒரு பொட்டலத்தில் எத்தனை கட்டண யூனிட்கள் அடங்கும் என்பதும் அதில் இருக்கிறது. ஊசி போட்ட தேதி எந்தக் காலாண்டில் வருகிறதோ அந்தக் காலாண்டின் கோப்பைத் திறக்க வேண்டும். அந்தக் கோப்பு மெடிகேர் பகுதி பி கட்டணத்திற்காகத் தயாரிக்கப்படுவது என்பதையும் மறக்கக் கூடாது. ஓர் எண் அதில் இல்லை என்பதாலேயே அந்த மருந்துக்குக் குறியீடு இல்லை என்று முடிவுகட்ட முடியாது. எண் இருப்பதாலேயே பணம் உறுதி என்றும் ஆகாது. எண்களெல்லாம் சரியாக இருந்தும், வெறும் சோர்வுக்காகப் போட்ட பி12 ஊசியை மெடிகேர் மறுக்கலாம். ஏனெனில் ஊசி எதற்காகப் போடப்பட்டது என்ற நோய்க் குறியீடும் சேர்த்தே பார்க்கப்படுகிறது.

கேள்வி (செங்காங் வாசகர்): நியூ ஜெர்சியில் மகன் வீட்டில் தங்கியிருந்தபோது என் மனைவிக்கு ஒரே ஒரு பி12 ஊசி போட்டார்கள். ரசீதில் ஜே3420 என்று ஒரு வரியும் 96372 என்று இன்னொரு வரியும் உள்ளன. ஓர் ஊசிக்கு இரண்டு முறை கட்டணமா?

பதில்: இல்லை ஐயா. ஜே3420 மருந்தின் விலையைக் குறிக்கிறது. 96372 என்பது தோலடியிலோ தசையிலோ ஊசி போடும் பணிக்கான கட்டணம். இரண்டும் தனித்தனியே வருவது அங்கே வழக்கமான நடைமுறைதான். மருந்தை நீங்களே வாங்கிக்கொண்டு போயிருந்தால் மட்டும் முதல் வரி வந்திருக்கக் கூடாது. நீங்கள் உன்னிப்பாகப் பார்க்க வேண்டியது ஜே3420க்கு எதிரே உள்ள யூனிட் எண்ணிக்கையை. வழக்கமான 1000 மைக்ரோகிராம் ஊசிக்கு அங்கே 1 என்றுதான் இருக்க வேண்டும். மைக்ரோகிராம் எண்ணிக்கையை அப்படியே யூனிட்டாக எண்ணி 1000 என்று பதிந்திருந்தாலோ, குப்பி முழுவதையும் கணக்கிட்டு 10 என்று பதிந்திருந்தாலோ, பணம் கட்டுவதற்கு முன் அந்த கிளினிக்கின் கணக்குப் பிரிவுக்கு எழுதித் திருத்தச் சொல்லுங்கள். செலுத்திய அளவைக் காட்டும் மருத்துவப் பதிவின் நகலையும் சேர்த்துக் கேளுங்கள். அதைக் கேட்டுப் பெற உங்கள் மனைவிக்கு உரிமை உண்டு.

கேள்வி (தோ பாயோ வாசகி): இங்குள்ள கிளினிக் ஒன்றில் முகப்புப் பணியில் இருக்கிறேன். அமெரிக்கக் காப்புறுதி வைத்திருக்கும் நோயாளி ஒருவர், தமக்குப் போட்ட வைட்டமின் ஊசிக்கு என்டிசி எண் கேட்கிறார். படிவத்தில் அந்தக் கட்டம் காலியாக இருந்தால் பணம் வராது என்கிறார். அதே மருந்தின் அமெரிக்க எண்ணை இணையத்தில் தேடி எழுதித் தரலாமா?

பதில்: தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள் அம்மா. அந்த எண்ணின் முதற்பகுதியே விற்பனை நிறுவனத்தைக் குறிப்பது. உங்கள் கிளினிக்கில் இல்லாத ஒரு நிறுவனத்தின் பொருளை நோயாளிக்குச் செலுத்தியதாக அது எழுத்துபூர்வமாகச் சொல்லிவிடும். மருந்து ஒன்றேயானாலும் அந்த வாசகம் பொய்யாகிவிடும். பின்னால் விசாரணை வந்தால் நோயாளியும் கிளினிக்கும் சேர்ந்து பதில் சொல்ல நேரிடும். சிங்கப்பூரில் பதிவுபெற்ற மருந்துகளுக்குச் சுகாதார அறிவியல் ஆணையம் எஸ்ஐஎன் என்று தொடங்கும் பதிவெண் தருகிறது. பெட்டியிலோ ஆணையத்தின் இணையப் பதிவேட்டிலோ அதைக் காணலாம். அது என்டிசி எண் அல்ல. ஆதலால் அந்தக் கட்டத்தில் அதையும் எழுதக் கூடாது.

மருத்துவரின் கையொப்பத்துடன் தனிக் கடிதம் ஒன்று கொடுங்கள். மருந்தின் வேதிப்பெயர், தயாரிப்பு நிறுவனம், ஒரு மில்லிலிட்டரில் உள்ள செறிவு, செலுத்திய அளவு, தசையிலா ரத்தக் குழாயிலா என்ற விவரம், தேதி, நோய்க் காரணம், சிங்கப்பூர்ப் பதிவெண் ஆகிய அனைத்தும் அதில் இடம்பெறட்டும். இம்மருந்து சிங்கப்பூரில் வாங்கப்பட்டது, இதற்கு என்டிசி எண் கிடையாது என்ற ஒரு வரியும் தெளிவாக இருக்க வேண்டும். வெளிநாட்டுச் சிகிச்சைக்கென்று தனிப் படிவம் வைத்திருக்கும் காப்புறுதி நிறுவனங்கள் உண்டு. நோயாளி முதலில் தம் நிறுவனத்தை அழைத்து அந்தப் படிவம் உள்ளதா என்று கேட்கட்டும். இருந்தால், இந்தக் கடிதத்தை அதனுடன் இணைத்து அனுப்பினால் போதும்.