பிட்டு கொத்துற வளையமும் லோன் எடுக்கிற யோசனையும்

அன்புள்ள அக்கா,

நான் திருகோணமலை உப்புவெளிப் பக்கம், ரெண்டு பொம்பிளைப் பிள்ளைகள். அவர் எங்களை விட்டுட்டுப் போய் ஆறு வருஷம். விடிய மூண்டு மணிக்கு எழும்பி பிட்டும் இடியப்பமும் அவிச்சு டவுன்ல நாலு கடைக்குக் குடுத்துத்தான் சீவியம் போகுது. பிட்டு மாவை டின்பால் பேணியால கொத்திக் கொத்தி மணிக்கட்டு வீங்கிப் போச்சு. அதால தெரிஞ்ச வெல்டிங் கடையில சொல்லி ஒண்டுக்குள்ள ஒண்டா மூண்டு ஸ்டீல் வளையம் வச்சு மேல கைபிடி போட்டுச் செய்விச்சன். வளையத்துக்குள்ள மா அடைஞ்சதெண்டு பிறகு ஒரு ஓட்டைத் தட்டும் ஸ்பிரிங்கும் வச்சு, அமத்தி விட்டா மா தன்பாட்டில விழுற மாதிரி மாத்தினன். இப்ப அரை மணித்தியால வேலை பத்து நிமிஷத்தில முடியுது. போன வருஷக் கடைசியில கோயில் அன்னதானத்தில காட்டினதுக்குப் பிறகு கனபேர் கேக்கினம். கொழும்பில ஒருத்தர் "டிசைனைத் தாங்க, நான் அச்சு அடிச்சு மொத்தமா செய்யிறன்" எண்டுறார். நானே செய்யிறதெண்டா கிழமைக் கட்டுக்காசு லோன் ஒண்டு தர வீட்டுக்கே வருகினம். யூடியூப்ல ஜோய் மங்கானோ எண்ட அமெரிக்கப் பெண்ணின்ட கதை பாத்தன், அவவும் என்னை மாதிரித்தான், துணிஞ்சு இறங்கினதாலதான் வெண்டா எண்டு சொல்லினம். பிட்டு அவிக்கிறதை விட்டுட்டு முழுசா இறங்கவா? பேர் போடாதேங்கோ.

- ஒரு வாசகி

அன்புத் தங்கச்சிக்கு,

முதல்ல அந்த ஸ்பிரிங் தட்டு. அதைப் பற்றி ஒரு வரியில சொல்லிட்டுப் போயிட்டீங்கள், ஆனா உங்கட சாமானில உண்மையில புதுசு அதுதான். வளையம் வளையமா வெட்டுற சாமான் கேக் பிஸ்கட் செய்யிற ஆக்களிட்ட எப்பவோ இருக்கு, ஈரப்பதமான பிட்டு மா அதுக்குள்ள அடையாம உடனே விழ வைக்கிறதுதான் நீங்க விடியப்புறத்தில நிண்டு கண்டுபிடிச்சது. கொழும்பு ஐயாவுக்கும் அது வடிவா விளங்கியிருக்கும். அதால இனி ஆரும் கேட்டா கொத்திக் காட்டுங்கோ, கழட்டிக் காட்டாதேங்கோ.

பிட்டை விடவா எண்டு கேட்டதுக்கு என்ட பதில், விடாதேங்கோ. இந்த வெற்றிக் கதை வீடியோ போடுற ஆக்கள் எல்லாரும் "அவள் எல்லாத்தையும் விட்டுட்டுத் துணிஞ்சு இறங்கினாள்" எண்டு பின்னால மியூசிக் போட்டுச் சொல்லுவினம், எனக்கு அதைக் கேட்டா எரிச்சல்தான் வரும், ஏனெண்டா அதில பிள்ளையின்ட பால்மாக் காசு எங்கால வந்ததெண்டு ஒருத்தரும் சொல்றேல்லை.

ஜோய் மங்கானோவின்ட கதையை எடுங்கோ. விவாகரத்தான பெண், மூண்டு பிள்ளை, நியூயோர்க் லோங் ஐலண்ட். கை நனையாமப் பிழியிற துடைப்பம் ஒண்டை 1990ல செய்தா, தலைப்பகுதியில கிட்டத்தட்ட 300 அடி பருத்தி நூல் ஒரே சுத்தா ஓடும். தன்ட சேமிப்போட சொந்தக்காரர், சிநேகிதரிட்ட வாங்கின காசையும் போட்டு முதல்ல செய்தது ஒரு 100தான். அதை உள்ளூர்க் கடையளிலயும் கண்காட்சியளிலயும் கொண்டுபோய் வித்தா. பிறகு கியூவிசி எண்ட டிவி விற்பனைச் சனல் எடுத்துப் பாத்தது, அவங்கட ஆக்கள் நிண்டு வித்தப்போ பெரிசா ஓடேல்லை. நானே வந்து காட்டுறன் எண்டு 1992ல அவ போய் நிண்டா, அரை மணித்தியாலத்துக்குள்ள 18,000 வித்துது. எனக்கு இந்தக் கதையில பிடிச்சது அந்த 18,000 இல்லை, முதல் 100. அந்த 100 பேரும் எந்த இடத்தில உடையுது, எந்த இடத்தில வழுக்குது எண்டு சொல்லியிருப்பினம், அதுக்குப் பிறகுதான் டிவி.

உங்கட கதைக்கு இன்னும் கிட்டின ஆள் வேற ஒருத்தி, பெட் நெஸ்மித் கிரஹாம். டெக்ஸாஸில டைப்பிங் வேலை செய்த தனித் தாய், ஒரு மகன். டைப் அடிச்ச பிழையை மறைக்க வெள்ளைப் பெயின்டைக் குழைச்சுச் சின்னப் போத்தலில கொண்டு போவா, கூட வேலை செய்யிற பிள்ளைகள் கேக்கத் தொடங்க 1956ல விக்கத் தொடங்கினா. பிறகு லிக்விட் பேப்பர் எண்டு பேர் வந்தது அதுக்குத்தான். அடுத்த வருஷம் மாசம் 100 போத்தல் மட்டில போச்சு, குசினியில கலவை, கராஜுக்குள்ள மகனும் அவன்ட கூட்டாளிமாரும் போத்தல் நிரப்பினது. வேலையை அவவா விடேல்லை, 1958ல ஒரு கடிதத்தில அலுவலகப் பேருக்குப் பதிலா தன்ட கம்பனிப் பேரை அடிச்சுப் போட்டா, அதால நிப்பாட்டினாங்கள். 1979ல ஜில்லெட் கம்பனிக்கு 47.5 மில்லியன் டொலருக்கு வித்தா. எண்டா, தொடங்கி 23 வருஷம்.

சரி, லோன். கிழமைக் கட்டுக்காசு லோனில காசு கையில வந்த அடுத்த கிழமையே முதல் தவணை கட்டோணும். உங்கட இந்தப் பிட்டுக் கொத்துற சாமானோ, செய்து முடிச்சு, கடையில போட்டு, கடைக்காரர் வித்து, காசு தர ரெண்டு மூண்டு மாசம் ஆகும். அந்த இடைவெளியை ஆர் நிரப்புறது? பிட்டுக் காசு, இல்லாட்டி இன்னொரு லோன். எங்கட மாகாணத்தில இப்பிடி ஒண்டை அடைக்க இன்னொண்டு எடுத்து மாட்டின பெண்கள் எத்தனை பேர் எண்டு உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. 2018ல வரட்சி பாதிச்ச மாவட்டங்களில பெண்கள் எடுத்த ஒரு லட்சம் ரூபாவுக்குக் குறைஞ்ச நுண்கடனை, அதுதான் இப்பிடியான சின்ன லோனை, அரசாங்கமே தள்ளுபடி செய்யிற அளவுக்கு நிலைமை போனது. சேர்ந்து லோன் எடுத்த குழுவில ஒருத்தர் கட்டாட்டி மற்றாக்கள் கட்டோணும் எண்ட விதி வேற, பிறகு அயலட்டையில முகம் பாத்துக் கதைக்க ஏலாது. வேணாம் தங்கச்சி.

அதுக்குப் பதிலா அந்த வெல்டிங் கடையிலயே பத்துப் பத்தா செய்வியுங்கோ. கேட்டவையிட்ட பாதிக் காசை முற்பணமா வாங்குங்கோ, கேக்க வெக்கப்படாதேங்கோ, உண்மையா வேணுமெண்டவை தருவினம். விலை வைக்கிறதில கவனம். ஒண்டு செய்ய 900 ரூபா முடியுதெண்டு வைப்பம், கடையில 1,500க்கு விக்குது, கடைக்காரர் நூற்றுக்கு 25 எடுத்தா 375 போயிடும், உங்கட கைக்கு 1,125. மிச்சம் 225 எண்டு சந்தோஷப்படாதேங்கோ, பெட்டி, பஸ் காசு, திரும்பி வாற பழுது, உங்கட கூலி எல்லாம் அதுக்குள்ளதான். அதால முதல்ல நேரடி விற்பனைதான் சரி. கிண்ணியா, மூதூர் பக்கம் பிட்டு அவிச்சுக் குடுக்கிற பெண்கள் நிறைய, அவையின்ட வீட்டுக் குசினியில போய் ஒருக்கா கொத்திக் காட்டினாலே போதும். கோணேசர் கோயிலுக்கு ஏறுற பாதைக் கடையளிலயும் கேட்டுப் பாருங்கோ, தெற்கில இருந்து வாற சனமும் பிட்டுச் சாப்பிடுற சனம்தானே. போனில வீடியோ எடுக்கிறதெண்டா மூத்தவளைப் பிடிக்கச் சொல்லுங்கோ, பேணியால கொத்துறதையும் இதால கொத்துறதையும் பக்கத்தில பக்கத்தில காட்டினாச் சரி, வசனம் ஒண்டும் தேவையில்லை.

ஸ்டீலைப் பற்றியும் ஒண்டு. எங்கட ஊர்க் காத்து உப்புக்காத்து, மலிவு ஸ்டெயின்லெஸ் கொஞ்ச நாளில கறல் பிடிக்கும். 304 தரம் கேட்டு வாங்குங்கோ, விலை கூடத்தான். ஸ்பிரிங்கும் அதே மாதிரி கறல் பிடிக்காததா இருக்கோணும், கழட்டிக் கழுவக்கூடியதா இருக்கோணும், ஆனா தன்பாட்டில கழண்டு மாவுக்குள்ள விழப்படாது. விளிம்பை வடிவா அரத்தால தேய்க்கச் சொல்லுங்கோ, ஒரு பிள்ளையின்ட கை வெட்டுப்பட்டா யாவாரம் அண்டைக்கே முடிஞ்சுது.

இனி பேப்பர் வேலை. பிரதேச செயலகத்தில வியாபாரப் பெயர்ப் பதிவை முதல் செய்யுங்கோ, என்னென்ன வேணுமெண்டு ஜி.எஸ்ஸிட்ட, அதுதான் கிராம சேவகரிட்டக் கேட்டா சொல்லுவார். ஆனா அது பேரைத்தான் பதியும், கண்டுபிடிப்பைக் காக்காது, ரெண்டையும் ஒண்டெண்டு நினைச்சு ஏமாந்த ஆக்கள் இருக்கினம். கண்டுபிடிப்பைக் காக்கிறது ஆக்கவுரிமை, பேட்டன்ட் எண்டுறது, அது கொழும்பில இருக்கிற தேசிய புலமைச் சொத்து அலுவலகத்தில, 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கச் சட்டத்தின்படி. 20 வருஷம் செல்லும், இடையில கட்டணம் கட்டிக்கொண்டு வரோணும், இலங்கைக்குள்ள மட்டும்தான். புதுசா இருக்கோணும் எண்டது முதல் நிபந்தனை. நீங்களோ கோயிலில எல்லாருக்கும் முன்னால காட்டிட்டீங்கள். பயப்பட வேணாம், விண்ணப்பத்துக்கு முந்தின ஒரு வருஷத்துக்குள்ள நீங்களே வெளிக்காட்டினதைச் சட்டம் கணக்கில எடுக்காது, ஆனா அந்த ஒரு வருஷம் ஓடிக்கொண்டிருக்கு. அன்னதானத் திகதியைக் கலண்டரில பாத்துக் குறிச்சு வையுங்கோ, அதுக்குள்ள போட்டாகோணும். இப்பிடியான ஆக்களுக்கெண்டே 1979ஆம் ஆண்டுச் சட்டத்தால வந்த புத்தாக்குநர் ஆணைக்குழு ஒண்டு இருக்கு, விண்ணப்பம் எழுத முதல் அங்க கேளுங்கோ, தரகரிட்டக் காசு குடுக்க முதல்.

கொழும்பு ஐயா நல்ல மனுசனாவும் இருக்கலாம், நான் குற்றம் சொல்லேல்லை. ஆனா அச்சு ஆரின்ட காசில அடிக்குதோ அது அவரின்ட பட்டறையில கிடக்கும், நாளைக்கு கோவம் வந்தா நீங்க வெளியில நிக்கோணும், அவர் அடிச்சுக்கொண்டிருப்பார். விண்ணப்ப இலக்கம் கையில வந்த பிறகு கதையுங்கோ. அப்பவும் அச்சு ஆருக்குச் சொந்தம், ஒரு சாமானுக்கு உங்களுக்கு எவ்வளவு, எத்தனை வருஷம் எண்டு எழுத்தில. தமிழில எழுதச் சொல்லுங்கோ, விளங்காத பாஷையில கையெழுத்து வைக்காதேங்கோ.

எனக்கும் ஒண்டு வேணும். ஓசியில அனுப்பிறாதேங்கோ, விலையைச் சொல்லுங்கோ, முற்பணம் போட்டு விடுறன். கைபிடி மட்டும் கொஞ்சம் நீளமா வையுங்கோ, என்ட மணிக்கட்டும் இப்ப உங்கடதை மாதிரித்தான்.