கொழும்பு அப்பீலை விட்டால் காணியும் போய்விடுமா?

கேள்வி: அம்மாவின் சீதனக் காணி, நாலு பரப்பு. 2021 தை மாதம் பெரியப்பாவின் மகன் கிணற்றடியையும் சேர்த்து ஒரு பக்கத்தைத் தகரம் அடித்துப் பிடித்துவிட்டார். சொந்தத்துக்குள் பேசித் தீர்ப்போம் என்று மூன்று மாதம் பொறுத்துவிட்டுத்தான் பொலிசுக்குப் போனேன். காணித் தகராறுக்குப் பொலிஸ் போடும் 66ஆம் பிரிவு வழக்கில் கட்டளை அவர் பக்கம். யாழ். மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனுவும் தள்ளுபடி. இப்போது கொழும்பில் அப்பீல் கிடக்கிறது. அதை வாபஸ் வாங்கிவிட்டு மாவட்ட நீதிமன்றத்துக்குப் போகலாமா? வாபஸ் வாங்கினால் காணி அவருடையது என்று ஒப்புக்கொண்ட மாதிரி என்கிறான் தம்பி.
- வாசகர், நீர்வேலி

பதில்: தம்பி சொல்வது பிழை.

1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தில் 66ஆம் பிரிவு வந்ததே காணிச் சண்டை அடிபிடியாகாமல் தடுக்கத்தான். காணி உறுதி (பத்திரம்) யார் பெயரில் என்று அங்கே தீர்ப்பதில்லை. பொலிஸ் அறிக்கை கொடுத்த அன்று காணி யார் கையில் இருந்தது, அதற்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் யாரும் பலவந்தமாக வெளியேற்றப்பட்டார்களா, அவ்வளவுதான். மூன்று மாதம் பொறுத்தீர்களே, அங்கேதான் விழுந்தது. ஆனால் அந்தக் கட்டளை சிவில் வழக்கில் நிலைநாட்டக்கூடிய எந்த உரிமையையும் பாதிக்காது என்று அதே சட்டத்தின் 74ஆம் பிரிவு சொல்கிறது. ஆக, கொழும்பு புதுக்கடை நீதிமன்றத்தில் வருடக்கணக்கில் நின்று வென்றாலும் உங்களுக்குக் கிடைப்பது அப்போதைக்கான உடைமைதான். இதற்காக எத்தனை பேர் இரவு பஸ்ஸில் கொழும்புக்கு ஓடுகிறார்கள்!

சரி, வாபஸ் வாங்குவதென்றால் உங்கள் சட்டத்தரணி போடும் நகர்த்தல் பத்திரத்தில் (மோஷன்) 'மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடரும் உரிமைக்குப் பங்கமின்றி' என்று ஒரு வரி இருக்கட்டும், நீதிமன்றக் கட்டளையிலும் அதைப் பதிவு செய்யும்படி கேட்கச் சொல்லுங்கள். 74 இருக்கும்போது அது கட்டாயமில்லை, ஆனாலும் நாளைக்கு எதிர்ப்பக்கம் கிளப்பக்கூடிய ஒரு கதையை இன்றைக்கே அடைத்துவிடலாம். செலவுத்தொகை கேட்பார்களா என்பதையும் முதலே பேசி வையுங்கள்.

இதையே மாவட்ட நீதிமன்றத் தீர்ப்புக்கு எதிரான அப்பீலுக்குப் பொருத்திப் பார்க்காதீர்கள். அந்த அப்பீலைக் கைவிட்டால் தீர்ப்பு முடிந்த முடிவாகிவிடும், அதே விடயத்தை அதே ஆளுக்கு எதிராகத் திரும்பக் கொண்டுவர முடியாது. சிவில் நடவடிக்கைமுறைக் கோவையின் 406ஆம் பிரிவு புதிய வழக்குப் போடும் அனுமதியோடு வழக்கை வாபஸ் வாங்க இடம் கொடுக்கிறதுதான், ஆனால் அனுமதி கேட்டு வாங்காமல் விட்டால் கதவு சாத்தியாச்சு.

உங்களுக்கு நான் பயப்படுவது காலத்தைப் பற்றித்தான். ஆட்சியை மட்டும் கேட்கும் வழக்கை வெளியேற்றப்பட்டு ஒரு வருடத்துக்குள் போட்டிருக்க வேண்டும், அது போய்விட்டது. உறுதியை வைத்து, காணி யாருடையது என்று தீர்க்கும் உரித்து வழக்குப் போடலாம். ஆனால் அவர் பத்து வருடம் எதிரிடையாக (உங்கள் உரிமையை ஏற்காமல்) ஆண்டுவிட்டால் காணி தனக்கே என்று ஆட்சியுரிமை பேச வருவார், 2021இலிருந்து எண்ணிப் பாருங்கள். அதனால் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கை முதலில் பதிந்துவிட்டு அப்புறம் கொழும்பில் வாபஸ் வாங்குங்கள். மாவட்ட நீதிமன்றம் வேறு கட்டளை போடும்வரை 66 கட்டளை அமலில் இருக்கும், கோபத்தில் தகரத்தில் கை வைக்க வேண்டாம்.

இன்னொன்று. 66 வழக்கில் நீங்கள் கொடுத்த சத்தியக்கடதாசியைப் புதிய சட்டத்தரணியிடம் கட்டாயம் காட்டுங்கள். அதில் கிணறு 'பொதுக் கிணறு' என்று எழுதிக் கொடுத்துவிட்டு இப்போது முழுக் கிணறும் எங்களுடையது என்று வழக்காடினால் குறுக்கு விசாரணையில் அதைத்தான் முதலில் தூக்கிக் காட்டுவார்கள். சீதன உறுதியில் கிணற்றுப் பங்கும் வழிவாய்க்காலும் எப்படி எழுதியிருக்கிறது என்று பார்த்து, அதன்படி நில அளவையாளரைக் கொண்டு ஒரு வரைபடமும் எடுத்துக்கொண்டு போங்கள்.