குடித்த கணக்கு

அன்புள்ள ஐயா,

குடியை நிறுத்திய பிறகு, என் குடியைப் பற்றி நானே ஓர் ஆவணப்படம் எடுத்தேன். எடிட்டிங்கில் சிக்கி நிற்கிறேன். டாஸ்மாக்கைக் காட்டினால் பழியை அரசு மேல் போட்டுத் தப்பிப்பதுபோல் இருக்கிறது. என்னை மட்டும் காட்டினால் அனுதாபம் தேடுவதுபோல் இருக்கிறது. மனைவி கேமரா முன் வர மறுக்கிறாள். என்ன செய்ய?

ர., மதுரை

அன்புள்ள ர.,

லாரா பாய்ட்ரஸ் இயக்கிய ‘ஆல் த பியூட்டி அண்ட் த பிளட்ஷெட்’ (2022) கிடைத்தால் பாருங்கள். வெனிஸ் திரைப்பட விழாவில் முதல் பரிசான தங்கச் சிங்கம் வாங்கிய படம். புகைப்படக் கலைஞர் நேன் கோல்டினைப் பற்றியது. டாக்டர் வலிக்கு எழுதிக்கொடுத்த ஆக்ஸிகான்டின் மாத்திரைக்கு அடிமையானவர் அவர். 2018 மார்ச்சில் நியூயார்க் மெட்ரோபாலிடன் அருங்காட்சியகத்தில், சாக்லர் பெயர் வைத்த கூடத்துக்குள் தோழர்களோடு போய், அங்கிருந்த நீர்த்தொட்டியில் மாத்திரைக் குப்பிகளை வீசிவிட்டுப் பிணம்போலத் தரையில் படுத்தார். அந்த மாத்திரையைச் செய்து விற்றது சாக்லர் குடும்பத்தின் கம்பெனி. 2021 டிசம்பரில் அருங்காட்சியகம் சாக்லர் பெயரை நீக்கியது.

கோல்டின் பழியைத் தள்ளிவிடுகிறார் என்று எனக்குத் தோன்றவில்லை. குப்பி வீசுவதற்கு முன்பே, 2018 ஜனவரியில், ‘ஆர்ட்ஃபோரம்’ கலை இதழில் தன் கணக்கை எழுதிவிட்டார். நாளுக்கு 3 மாத்திரை 18 ஆனது, கைக்கு வந்த நிதியெல்லாம் அதிலேயே கரைந்தது, காசு தீர்ந்ததும் தெருச்சரக்குக்குப் போனது, ஃபென்டனில் என்ற கடுமையான போதை மருந்தை உறிஞ்சி அளவு மிஞ்சியது. அந்த மருந்து தந்த சுகத்தையும் அவர் ஒளிக்கவில்லை. நம் ஆட்கள் மறைப்பது அதைத்தான். வாந்தியும் அழுகையும் காட்டுவோம்; முதல் ரவுண்டு உள்ளே இறங்கியதும் ஊரில் இருப்பவனெல்லாம் நல்லவனாகத் தெரிந்தானே, அதைச் சொல்ல மாட்டோம். (கேமராவுக்காக மறுபடி கை நடுங்கி நடித்திருந்தால், தயவுசெய்து வெட்டிவிடுங்கள்.)

டாஸ்மாக்கைத் தாராளமாகக் காட்டுங்கள். 2003 முதல் சில்லறை விற்பனையே அரசின் கையில்தான். அதை விட்டுவிட்டு எடுப்பதுதான் பொய். ஆனால் கடைக்குப் போகுமுன் பணம் எப்படி வந்தது என்று சொல்லிவிடுங்கள். யார் நகை, என்ன பொய் சொல்லி வாங்கிய கடன். அடகுச்சீட்டு இருந்தால் குளோசப்பில் வையுங்கள். பின்னணி இசை வேண்டாம்.

மனைவியை வற்புறுத்தாதீர்கள். குடித்தது உங்கள் கதை. அவர் பட்டது அவருடையது, சொல்வதும் சொல்லாததும் அவர் இஷ்டம். ரஃப் கட் தயாரானதும் முதலில் அவருக்குப் போட்டுக் காட்டுங்கள். எனக்கு அப்புறம் அனுப்பலாம்.